தோளில் ஒரு துண்டு

(திருச்சி மாவட்டம் வையம்பட்டியில் நிகழ்த்திய சொற்பொழிவின் அச்சு வடிவம்)



மேடை ஏறியதும் எனக்கு ஒரு துண்டு போர்த்தினார்கள். போர்த்திய ஐயா அப்போதே என் காதில் ஒரு வார்த்தை போட்டார்: "கொஞ்ச நேரங் கழிச்சு மடிச்சு வச்சிருங்க, நன்றி சொல்ல வர்றவருக்கும் இதேதான்." எனக்கு நிம்மதியாக இருந்தது. வீட்டில் பீரோவின் மேல்தட்டு முழுக்க இப்படி வந்த துண்டுகள்தாம். தலை துவட்டினால் தண்ணீரை இந்தக் காதிலிருந்து அந்தக் காதுக்குத் தள்ளிவிடும், ஒரு சொட்டு உறிஞ்சாது. மேடையிலேயே பிறந்து, மேடை மேடையாகச் சுற்றி, மேடையிலேயே காலம் தள்ளும் துண்டுகள் அவை.

"அன்றாட வாழ்வில் மரபும் புதுமையும்" என்று தலைப்பு கொடுத்திருக்கிறீர்கள். இந்தத் தலைப்பில் பேசுகிறவர்கள் வழக்கமாக வேதத்தில் ஆரம்பித்து ராக்கெட்டில் முடிப்பார்கள். நடுவில் பட்டுப்புடவை கட்டிய பெண் லேப்டாப்போடு ஒருமுறை வந்து போவாள். அந்தப் பெண்ணுக்கு இன்று நான் லீவு கொடுத்துவிட்டேன். துண்டைப் பற்றி மட்டும் பேசப் போகிறேன். துண்டு போகும் இடமெல்லாம் நானும் பின்னால் போகிறேன்.

நம் பக்கத்து ஆள் ஒருவரைக் காலையிலிருந்து கவனித்துப் பாருங்கள். எழுந்ததும் முகம் துடைக்கத் துண்டு. வயலுக்குப் போனால் தலையில் முண்டாசு. கட்டுத் தூக்கினால் சும்மாடு. வேப்பமரத்தடியில் தரையைத் தட்டிவிட்டு விரித்தால் பாய். சுருட்டி வைத்தால் தலையணை. கடையில் கத்தரிக்காய் வாங்கினால் பை. பஸ் வந்தால் ஜன்னல் வழியாக வீசி இடம் பிடிக்கிற ரிசர்வேஷன் சீட்டு. பழனிக்கு நடக்கிறவர் வெயிலில் நனைத்துத் தலையில் போட்டுக்கொள்கிறார். சம்பந்தி வீட்டில் சாவு விழுந்தால் கோடித்துணி எடுத்துப் போகிறோம், காரியம் முடிந்ததும் மாமன் வீட்டார் உருமா கட்டுகிறார்கள். மூன்று முழத் துணிக்கு இத்தனை வேலை.

அந்த ஜன்னல் விவகாரத்தை மட்டும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். திருச்சியில் பஞ்சப்பூர் புதிய பஸ் நிலையம் 2025-இல் திறந்தது. பளபளவென்று தரை, மின்தூக்கி, எலக்ட்ரானிக் பலகை எல்லாம் உண்டு. ஆனால் முகூர்த்த நாளில் திண்டுக்கல் பஸ் உள்ளே நுழைந்தால் முதலில் ஏறுவது துண்டுதான். எந்த மோட்டார் வாகனச் சட்டத்திலும் இல்லாத உரிமை அது. துண்டு கிடக்கிற சீட்டில் எவரும் உட்காருவதில்லை. உட்கார்ந்தவர் பட்ட பாட்டைப் பார்த்தவர்கள் மறுமுறை உட்காருவதில்லை. ஆம்னி பஸ்ஸுக்குக் கைபேசியில் சீட்டு எண் தேர்ந்தெடுக்கும் அதே பையன் டவுன் பஸ்ஸுக்கு அப்பாவின் துண்டை வாங்கி வீசுகிறான். இரண்டுக்கும் நடுவில் எந்தக் குழப்பமும் அவனுக்கு இல்லை. குழப்பம் நம்மைப் போல மேடையில் பேசுகிறவர்களுக்குத்தான்.

துணி என்று வந்துவிட்டால் திருச்சிச் சீமைக்குப் பழைய கதை உண்டு. கி.பி. முதல் நூற்றாண்டில் ஒரு கிரேக்க மாலுமி எழுதிய 'பெரிப்ளஸ்' நூலில் 'அர்காரு' என்ற ஊரின் மெல்லிய பருத்தித் துணி வருகிறது. அறிஞர்கள் அதை உறையூர் என்று கொள்கிறார்கள். இந்தப் பக்கம் கடவூர் மலையைத் தாண்டினால் கரூர் மாவட்டம். கரூர்த் தறிகளில் நெய்யும் துவாலையும் படுக்கை விரிப்பும் ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்கும் கப்பல் ஏறுகின்றன. ஜெர்மனியில் ஓர் அம்மாள் கரூர்த் துணியில் தட்டுத் துடைத்துக்கொண்டிருப்பார். இங்கே நம் தோளில் கிடப்பது எங்கேயோ விசைத்தறியில் ஓடிய பாலியெஸ்டர் கலப்பாக இருக்கும்.

இதில் சட்டமும் இருக்கிறது. 1985-இல் மத்திய அரசு, சில துணி வகைகளைக் கைத்தறியில் மட்டுமே நெய்ய வேண்டும் என்று ஒதுக்கீட்டுச் சட்டம் கொண்டுவந்தது. தொடக்கத்தில் 22 வகை. பிறகு அது 11 ஆகச் சுருங்கியது. சுருங்கிய பட்டியலிலும் சேலை, வேட்டி, லுங்கியோடு துண்டும் அங்கவஸ்திரமும் இடம் பிடித்திருக்கின்றன. விசைத்தறிக்காரர்கள் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். 1993-இல் சட்டம் செல்லும் என்று தீர்ப்பானது. ஆக, உங்கள் தோளில் கிடப்பது பாராளுமன்றம் காவல் காக்கிற பொருள். காவல் எவ்வளவு பலம் என்பது ஜவுளிக்கடையில் விலையைக் கேட்டால் தெரிந்துவிடும். கைத்தறி ஈரிழைத் துண்டு விற்கும் விலையில் விசைத்தறித் துண்டு இரண்டு மூன்று வாங்கலாம். வாங்குகிறவரை நான் குறை சொல்ல மாட்டேன். நெசவாளிக்குக் கட்டுபடியாகும் கூலி கொடுக்காமல் நெசவை மட்டும் காப்பாற்றிவிடலாம் என்று நினைத்த சட்டம் அது.

இனி துண்டு எங்கே இருந்தது என்ற விஷயத்துக்கு வருகிறேன். தோளிலா, இடுப்பிலா, கக்கத்திலா? இன்றைய பிள்ளைகளுக்கு இது வேடிக்கைக் கேள்வி. இங்கே நரைத்த தலையோடு உட்கார்ந்திருப்பவர்களுக்கு வேடிக்கை இல்லை. எதிரே ஆதிக்க சாதிக்காரர் வந்தால் தோளில் கிடந்த துண்டு கக்கத்துக்கு இறங்க வேண்டும், அல்லது இடுப்பில் சுற்றிக்கொள்ள வேண்டும். அதற்கு மரபு என்றுதான் பெயர். மரியாதை என்றும் பெயர்.

1930 டிசம்பரில் இராமநாதபுரம் சீமையில் ஆதிதிராவிட மக்கள் மேல் எட்டுத் தடைகள் விதித்தார்கள். 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக இருந்த ஜே. எச். ஹட்டன் தன் நூலில் அதைப் பதிவு செய்திருக்கிறார். ஆண்கள் இடுப்புக்கு மேலேயும் முழங்காலுக்குக் கீழேயும் துணி உடுத்தக் கூடாது. கோட்டு, சட்டை, பனியன் ஆகாது. கிராப்பு வெட்டிக்கொள்ளக் கூடாது. வீட்டில் மண்பாண்டம் தவிர வேறு பாத்திரம் புழங்கக் கூடாது. பெண்கள் ரவிக்கையோ தாவணியோ போட்டு மேலுடம்பை மறைக்கக் கூடாது. பொன், வெள்ளி நகை கூடாது, பூ வைக்கக் கூடாது. குடையும் செருப்பும் கூடாது. இந்தப் பட்டியலில் பனியனைக் கவனியுங்கள். பனியன் புதுப் பொருள், கிராப்பும் புதிது. புதுச் சரக்கு சந்தைக்கு வந்தவுடன் 'இன்னாருக்குக் கூடாது' என்று ஒரு பழைய குரல் எழுந்திருக்கிறது. அந்தக் குரலை எழுப்பியவர்கள் தாங்களும் பனியன் போட்டவர்களாகத்தான் இருந்திருப்பார்கள்.

தெற்கே திருவிதாங்கூரில் தோள்சீலைப் போராட்டம் அதற்கு முக்கால் நூற்றாண்டு முன்பே நடந்து முடிந்தது. 1859 ஜூலையில் மகாராஜா, நாடார் பெண்கள் மேலாடை உடுத்தலாம் என்று பிரகடனம் செய்தார். அதிலும் ஒரு கொக்கி: மேல்சாதிப் பெண்கள் உடுத்துகிற பாணியில் மட்டும் உடுத்தக் கூடாது. உரிமையைக் கொடுத்த கையே அதற்கு ஓரம் கத்தரித்தும் விட்டது.

செட்டிநாட்டுக் கல்யாண ஊர்வலக் கதை ஒன்று சுயமரியாதை இயக்கத்தார் அடிக்கடி சொல்வது. மதுரை சிவக்கொழுந்து என்ற நாதசுரக்காரர் தோளில் துண்டோடு வாசித்துக்கொண்டு வருகிறார். துண்டை எடு என்கிறார்கள் வீட்டுக்காரர்கள். வியர்வை துடைக்க என்று அவர் சொல்லியும் விடவில்லை. அங்கே இருந்த இயக்கத் தோழர் பட்டுக்கோட்டை அழகிரி குறுக்கே வந்து, எடுக்காதே, வாசி என்று நின்றுவிட்டார். வாசிப்பு தொடர்ந்தது, துண்டும் தொடர்ந்தது. ராகம் என்னவோ பழைய ராகம்தான். தோளில் துண்டு கிடக்க அதே ராகம் ஒலித்ததுதான் புதுசு. மரபும் புதுமையும் கலந்தது என்றால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்த ஊர்வலம்.

பின்னால் துண்டுக்கு நிறம் வந்தது. கட்சிக்கு ஒரு கரை, தலைவருக்கு ஒரு பாணி. உழவர்கள் பச்சைத் துண்டை எடுத்துக்கொண்டார்கள். 2017-இல் நம் திருச்சியிலிருந்து போன விவசாயிகள் அய்யாக்கண்ணு தலைமையில் தில்லி ஜந்தர் மந்தரில் 41 நாள் உட்கார்ந்தார்கள். மண்டையோட்டைக் கையில் வைத்துக்கொண்டு, பச்சைத் துணியோடும் கோவணத்தோடும். அவர்கள் கையாண்ட வழிகள் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை. ஆனால் தில்லித் தொலைக்காட்சிக்குக் காவிரிப் பாசனத்தை விளக்குவதைவிடக் கோவணத்தைக் காட்டுவது சுலபம் என்று அவர்கள் கணித்தது சரியாகத்தான் இருந்தது.

அரசு அலுவலகத்துக்குள் போனால் துண்டு தோளைவிட்டு நாற்காலிக்கு ஏறிவிடும். பெரிய அதிகாரியின் நாற்காலி முதுகில் வெள்ளைத் தேங்காய்ப்பூத் துண்டு கிடக்கும். வியர்வையும் தலை எண்ணெயும் ஒட்டாமல் இருக்கப் போட்ட காலம் ஒன்று இருந்திருக்கும். இப்போது அறைக்கு ஏ.சி. வந்துவிட்டது, அதிகாரிகள் எண்ணெய் வைப்பதும் இல்லை. துண்டு மட்டும் பதவி உயர்வு பெற்று அங்கேயே இருக்கிறது. பக்கத்து மேஜைக் குமாஸ்தாவுக்கும் வியர்க்கத்தான் செய்கிறது; அவருடைய நாற்காலிக்குத் துண்டு கிடையாது.

கொரோனா நேரத்தில் முகக்கவசம் கிடைக்காமல் ஊரே திண்டாடியபோது நம் ஆட்கள் பேசாமல் துண்டை மூக்குக்கு ஏற்றிக்கொண்டார்கள். 2020 ஏப்ரல் 14 அன்று பிரதமரே துண்டால் முகத்தை மூடிக்கொண்டு தொலைக்காட்சியில் வந்தார். துண்டுக்கு இதைவிட விளம்பரம் தேவையில்லை.

இந்தப் பக்கம் வந்துவிட்டு வீரப்பூரைச் சொல்லாமல் இறங்கினால் நீங்கள் விட மாட்டீர்கள். மாசி மாதம் பெரியகாண்டியம்மன் கோயிலில் கூட்டம் எப்படி என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. அண்ணன்மார் கதையில் பொன்னரும் சங்கரும் மடிந்த மண் இது. அந்தச் சாவை நிகழ்த்திக் காட்டும் படுகளச் சடங்கு நடத்தும் ஊர்களில், ஆவேசத்தில் விழுந்தவர்களை வரிசையாகக் கிடத்தி வெள்ளைத் துணி போர்த்துகிறார்கள். அண்ணன்மாரின் தங்கை தங்காள் தண்ணீர் தெளித்து எழுப்ப வேண்டும். அண்ணன்மார் வாளால் ஆனதெல்லாம் ஆகி முடிந்த பிறகு, மாண்டவரை மீட்கும் வேலை தங்கச்சிக்கு வருகிறது. அந்தத் துணியைச் சுற்றி இன்று நூறு கைபேசிகள் உயர்கின்றன. சிலர் முகம் சுளிக்கிறார்கள்.

நான் சுளிக்கவில்லை. இந்தக் கதை வெகுகாலமாகவே கருவிகளோடு சிநேகமாக இருந்திருக்கிறது. கனடாவைச் சேர்ந்த பிரெண்டா பெக் என்ற மானிடவியல் ஆய்வாளர் காங்கேயம் பக்கம் வந்து தங்கி, 1965-இல் உடுக்கைப் பாட்டுக்காரர்கள் இரவு இரவாகப் பாடிய முழுக் கதையையும் டேப் ரெக்கார்டரில் பிடித்தார். 1992-இல் அது தமிழும் ஆங்கிலமுமாகப் புத்தகமானது. பிறகு அவரே அதை 26 பகுதிகள் கொண்ட அனிமேஷன் படமாகவும் ஆக்கினார். இங்கே கலைஞர் 'பொன்னர்-சங்கர்' நாவல் எழுதினார். 2011-இல் அது சினிமாவாக வந்தது. கேசட் வந்தது, யூடியூப் வந்தது. கதைக்கு ஒன்றும் ஆகவில்லை. உடுக்கைக்காரருக்குத்தான் ஆயிற்று. பல இரவுகள் கூலி கொடுத்துக் கூப்பிட்டுக் கேட்ட கதையை இப்போது ஒரு ஸ்பீக்கர் ஓசியில் பாடுகிறது. மரபு அழிகிறதே என்று கண்ணீர் விடுகிறவர்கள் பாட்டை நினைத்து விடுகிறார்கள். பாட்டுக்காரரின் அடுப்பை நினைத்து விட்டால் நல்லது.

இப்போது நம் வீட்டு நைட்டிக்கு வருகிறேன். சிரிக்காதீர்கள், இதுதான் என் சொற்பொழிவில் கனமான பகுதி.

வெள்ளைக்காரச் சீமாட்டி ராத்திரி படுக்கப் போகும்போது போட்ட கவுன் நம் ஊரில் காலை ஆறு மணிக்குக் கோலம் போட வந்தது. அப்புறம் குழாயடி, ரேஷன் கடை, பள்ளிக்கூட வேன் வரைக்கும் வந்துவிட்டது. பெயரில்தான் ராத்திரி இருக்கிறது. பக்கத்தில் புத்தாநத்தத்துக்குப் போய்ப் பாருங்கள், சுடிதாரும் நைட்டியும் தைக்கிற மெஷின் சத்தம் தெருவெல்லாம் கேட்கும். பூப்போட்ட பருத்தி, கை வைத்தது, ஜிப் வைத்தது, பால் கொடுக்கும் தாய்க்குத் தோதானது என்று எத்தனை தினுசு! சேலை கட்டிக்கொண்டு வெயிலில் அடுப்படியில் நின்றவர்களுக்கு அதன் சுகம் தெரியும். நின்று பார்க்காதவர்கள் பண்பாடு பேசுவார்கள்.

அந்த நைட்டியின் மேல் என்ன கிடக்கிறது? துண்டு. தாத்தா தோளிலும் அப்பா தோளிலும் கிடந்த அதே துண்டு. சிலிண்டர்க்காரர் மணி அடித்தால் கொடியிலிருந்து இழுத்துப் போட்டுக்கொண்டு அம்மா வாசலுக்கு வருகிறார். எந்த ஆடை வடிவமைப்பாளரும் வரைந்து கொடுக்காத உடை இது. எந்தப் பஞ்சாயத்தும் தீர்மானம் போடவில்லை, எந்த மடாதிபதியும் அருளவில்லை. காற்றோட்டத்துக்குப் புதுசு வேண்டும். கண்ணுக்குப் பழசு வேண்டும். இரண்டையும் வைத்துத் தங்களுக்குத் தாங்களே தீர்ப்பு எழுதிக்கொண்டார்கள் நம் பெண்கள். தமிழ்நாட்டில் எந்தத் தெருவுக்குப் போனாலும் அதே தீர்ப்பு.

சரி, ஊர் சும்மா இருந்ததா? 2018-இல் ஆந்திராவில் மேற்கு கோதாவரி மாவட்டம் தோக்கலப்பள்ளி என்ற ஊரில் பெரியவர்கள் கூடினார்கள். காலை ஏழிலிருந்து மாலை ஏழு வரை பெண்கள் நைட்டி போடக் கூடாது. போட்டால் 2,000 ரூபாய் அபராதம். போட்டவரைக் காட்டிக்கொடுத்தால் 1,000 ரூபாய் சன்மானம். கூட்டம் போட்ட பெரியவர்களில் எத்தனை பேர் பேண்ட் சட்டையில் வந்திருந்தார்கள் என்று செய்தி எழுதியவர்கள் கேட்டிருக்கலாம். இராமநாதபுரத்துப் பட்டியலையும் தோக்கலப்பள்ளி அபராதத்தையும் நான் ஒரே தராசில் வைக்கவில்லை. முதலாவது செய்த கொடுமை வேறு. ஆனால் பேச்சின் அமைப்பு ஒன்றுதான். பேசுகிறவர் தமக்கு வேண்டிய புதுமையை முன்பே எடுத்து உடுத்திக்கொண்டுவிட்டார். மரபைக் காக்கும் பொறுப்பை அடுத்தவர் உடம்புக்கு ஒதுக்கிவிட்டார்.

அதனால்தான் மரபும் புதுமையும் அழகாகக் கலக்கின்றன என்று யாராவது சொன்னால் நான் உடனே கை தட்டுவதில்லை. யார் தோளில் கலக்கிறது, யார் சம்மதத்தோடு கலக்கிறது என்று ஒருமுறை பார்த்துக்கொள்கிறேன்.

பார்ப்பதற்கு நல்ல இடம் ஒன்று பக்கத்திலேயே இருக்கிறது. மணப்பாறை மாட்டுச் சந்தை. மணப்பாறை என்றாலே ஊருக்கு வெளியே முறுக்கு என்பார்கள். 2023-இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தாயிற்று, அது தன்னைப் பார்த்துக்கொள்ளும். அதற்கு முன்னால் பேர் வாங்கியது மாடு. 1957-இல் வந்த 'மக்களைப் பெற்ற மகராசி' படத்துக்கு மருதகாசி எழுதிய பாட்டு மணப்பாறை மாட்டைத் தமிழ்நாடு முழுக்க ஓட்டிக்கொண்டு போனது. அந்தப் பாட்டில் வரும் உழவு மாடு இன்று சந்தையில் குறைவு. டிராக்டர் அதன் வேலையை எடுத்துக்கொண்டது. ஜெர்சிக் கலப்பினப் பசு, கிடேரி, ஆடு என்று சந்தையின் முகம் மாறிவிட்டது.

செவ்வாய்க்கிழமை தொடங்கிப் புதன் வரை நடக்கும் சந்தை. மாடு பிடிக்க வந்தவர் முதலில் வாயைத் திறந்து பல் பார்க்கிறார். இரண்டு பல்லா, நாலு பல்லா, கடை சேர்ந்துவிட்டதா? பிறகு சுழி. பிறகு மடி. ஜெர்சி மாட்டுக்கும் சுழி பார்க்கிறார்கள் என்பதைச் சொல்ல வேண்டும். அதன் தகப்பன் எங்கோ உறைவிந்து நிலையத்தில் ஓர் எண். ஆனால் நெற்றியில் சுழி சரியாக இருக்க வேண்டும். இதைக் கேலி செய்யலாம். வாங்குகிறவர் மூன்று மாத வருமானத்தைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறார். கண்ணுக்குத் தெரிந்த எதையும் அவர் விடத் தயாராக இல்லை.

பார்த்து முடிந்ததும் தரகர் தோளிலிருந்து துண்டை எடுத்துக் கையின் மேல் போடுகிறார். துண்டுக்கு அடியில் இரண்டு கைகள். விரலைப் பிடித்தால் விலை. எத்தனை விரலோ அத்தனை. ஆயிரமா பத்தாயிரமா என்பது மாட்டைப் பார்த்தாலே இருவருக்கும் தெரியும். வாய் வேறு எதையோ பேசிக்கொண்டிருக்கும், மழை பெய்ததா, பொன்னணியாறு அணையில் தண்ணீர் இருக்கா, மகளுக்கு வரன் பார்க்கிறீங்களாமே என்று. விரல் ஏறும், இறங்கும், உதறிக்கொள்ளும், மறுபடி பிடிக்கும். படிந்ததும் அச்சாரம், பிறகு கயிறு மாற்றுகிறார்கள். பக்கத்தில் நிற்கிறவனுக்கு ஒரு காசு விவரம் தெரியாது. ஓரத்து டீக்கடையில் ஒருவர் பன்னிரண்டு ரூபாய்க்குக் கைபேசியைக் காட்டிப் பணம் போட்டால், கடையில் இருக்கிற பெட்டி பன்னிரண்டு ரூபாய் வந்தாயிற்று என்று சந்தைக்கே உரக்கச் சொல்கிறது. ஐம்பதாயிரம் ரூபாய் மாடோ மூச்சுச் சத்தம் இல்லாமல் கை மாறுகிறது. மாட்டுக்கான பணமும் இப்போது பெரும்பாலும் கைபேசி வழியேதான் போகிறது. விலை மட்டும் துண்டுக்கு அடியில்.

ஏன் இந்த ரகசியம் என்று தரகர் ஒருவரிடம் கேட்டேன். "கஷ்டத்துக்கு விக்க வர்றவன் எவ்வளவுக்கு விட்டான்னு ஊருக்குத் தெரியக் கூடாது, அண்ணே" என்றார். அதில் நியாயம் இருக்கிறது. கல்யாணக் கடனுக்கோ ஆஸ்பத்திரிச் செலவுக்கோ வந்த விலைக்கு மாட்டைத் தள்ளிவிட்டுப் போகிற மனிதரின் மானத்தை அந்தத் துண்டு மூடுகிறது. இன்னொன்றையும் மூடுகிறது. விற்கிறவர் விரலில் ஒரு கணக்கு, வாங்குகிறவர் விரலில் ஒரு கணக்கு, இரண்டுக்கும் நடுவில் தரகரின் கணக்கு. இதை அவரிடமே சொன்னேன். சிரித்தார், மறுக்கவில்லை.

மூன்றாவதாக ஒன்று உண்டு. அது எனக்கே ரொம்ப நாள் உறைக்கவில்லை. மாட்டை வளர்ப்பது யார்? தீவனம் அறுப்பது, கழுநீர் வைப்பது, சாணி அள்ளுவது, பால் பீய்ச்சிச் சொசைட்டிக்குக் கொண்டுபோவது யார்? கன்று மாறிப் படுத்திருந்தால் ராத்திரி முழுக்கக் கண் விழிப்பது யார்? இங்கே உட்கார்ந்திருக்கும் தாய்மார்கள்தாம். அந்த மாட்டுக்கு என்ன விலை பெறும் என்று அவர்களைவிட நன்றாகத் தெரிந்தவர் கிடையாது. ஆனால் துண்டுக்கு அடியில் ஒரு பெண்ணின் கை போய் நான் பார்த்ததில்லை. வேற்று ஆணின் விரலைப் பிடித்து அவள் விலை பேச முடியுமா? யாரும் வாய்விட்டுத் தடை சொல்லவில்லை, பட்டியல் எழுதி ஒட்டவும் இல்லை. வியாபாரத்தின் முறையே அவளை வெளியே நிறுத்திவிட்டது. கணவனோ மைத்துனனோ கையை விட்டு எடுத்து, வீட்டுக்கு வந்து சொல்கிற தொகைதான் அவளுக்கு விலை.

விரல் என்றதும் இன்னொரு விரல் ஞாபகம் வருகிறது. ரேஷன் கடையில் 2020-இல் விரல் ரேகை வைக்கும் முறை வந்தது. களை பறித்து, கயிறு இழுத்து, பாத்திரம் தேய்த்துத் தேய்ந்துபோன விரலை மெஷின் படிக்க மறுக்கிறது. கிழவிகள் விரலைத் துடைத்துத் துடைத்து வைக்கிறார்கள். சேலைத் தலைப்பில், இல்லையென்றால் தோளில் கிடக்கிற துண்டில். பிறகு கருவிழிக் கருவி கொண்டுவந்தார்கள். புதுக் கருவி எல்லாம் எளியவருக்கு வழி திறந்துவிடும் என்று நான் சொல்ல வரவில்லை என்பதற்காக இதைச் சொன்னேன். சில கருவி திறக்கிறது, சில கருவி கதவைச் சாத்திவிட்டு உன் விரல் சரியில்லை என்கிறது.

மாட்டு விஷயத்தில் கைபேசி கொஞ்சம் திறந்திருக்கிறது. இப்போது மாடு விற்பதற்கென்றே வாட்ஸ்அப் குழுக்கள், யூடியூப் சேனல்கள் வந்துவிட்டன. மாட்டைச் சுற்றி ஒரு நடை நடந்து வீடியோ எடுத்து, ஈத்து, பால், விலை சொல்லிப் போட்டுவிடுகிறார்கள். இதைப் பார்த்துச் சந்தைப் பெரியவர்களுக்கு வருத்தம். மாட்டைத் தொட்டுப் பார்க்காமல், சுழி பார்க்காமல், துண்டு போடாமல் இது என்ன வியாபாரம் என்கிறார்கள். வருத்தத்தில் பாதி நியாயமானதுதான். வீடியோவில் காம்பு அடைப்பு தெரியாது, உதைக்கிற மாடு உதைக்காத மாதிரி நிற்கும், முன்பணம் வாங்கிக்கொண்டு நம்பரை மாற்றிவிடுகிறவர்களும் இருக்கிறார்கள்.

அப்படிப்பட்ட ஒரு வீடியோவை அந்தத் தரகரே எனக்குக் காட்டினார். நம் பக்கத்து அம்மா ஒருவர், பூப்போட்ட நைட்டி, தோளில் ஈரிழைத் துண்டு, கையில் மாட்டுக் கயிறு. எடுப்பது மகளாக இருக்க வேண்டும், "அம்மா, இங்க பாரு" என்று குரல் மட்டும் வருகிறது. அந்த அம்மா காமிராவைப் பார்க்கவில்லை, மாட்டைப் பார்த்தே பேசுகிறார்: "ரெண்டாம் ஈத்து. நாலு பல்லு. காலையில ஏழு, சாயங்காலம் அஞ்சு, தண்ணி கலக்காத பாலு. பொம்பளைங்க கறக்கலாம், உதைக்காது. விலை ஐம்பத்தெட்டு. குறைச்சுக் கேக்கறவங்க போன் பண்ணாதீங்க, எனக்கு வேல கெடக்கு."

விற்றுவிட்டதா என்று கேட்டேன். மறுநாளே போய்விட்டதாம், ஐம்பத்தெட்டுக்கே. தரகர் கைபேசியை அணைத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, "என்கிட்ட குடுத்திருந்தா துண்டைப் போட்டு அறுபதுக்கு முடிச்சுத் தந்திருப்பேண்ணே" என்றார். முடித்திருப்பார்தான், கெட்டிக்காரர். அந்த அறுபதில் அந்த அம்மா கைக்கு எவ்வளவு போயிருக்கும் என்று கேட்டேன். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு அடுத்த மாட்டைப் பார்க்கப் போய்விட்டார்.